ஈரவேட்டியின் இரண்டு முனைகள்

அன்று இரத்தினபுரியில் ஆஸ்பத்திரி அறையில் இருந்தவர்கள் நான்கு பேர்: அறுவை செய்த டொக்டர், கைப்பயிற்சி கொடுக்கும் ஸாஹிரா, என் மருமகள் விஜயகலா, நாகலிங்கமாகிய நான். மகன் சுமனுக்குக் கொழும்பில் வேலை. என் மனைவி இறந்து ஆறு வருடமாகிறது.

விஜயகலா நாங்கள் குடியிருக்கும் தோட்டத்தில் ரப்பர் பால் வெட்டுகிறவள். வைகாசிக் கடைசியில், மழைச் சரிவில் வழுக்கி வலது கையை ஊன்றி விழுந்ததில் மணிக்கட்டு முறிந்தது. கட்டுப்போட்ட நாட்டு வைத்தியர் ஆறு கிழமையில், ஒன்றரை மாதத்தில், அவிழ்க்கச் சொன்னார். அந்த நாள் ஆடியில் வந்தது. ஆடியில் எங்கள் வீட்டில் எதையும் புதிதாகச் செய்வதில்லை. ஆவணி பிறக்கட்டும் என்று சொன்னவன் நான். அவள் கட்டோடே இருந்தாள். அவிழ்த்தபோது எலும்பு கூடியிருந்தது, மணிக்கட்டு அசையவில்லை. அந்தக் கையால் கத்தி பிடிக்க முடியாது.

மூட்டைச் சுற்றி இறுகியிருந்த சவ்வை டொக்டர் வெட்டித் தளர்த்தியிருந்தார். "என் வேலை பாதிதான்," என்றார் சிங்களத்தில். "அசைக்காவிட்டால் திரும்ப இறுகிவிடும்."

"காலையும் பின்னேரமும் யாராவது கையப் பிடிச்சு மெதுவா வளைச்சு விடணும்," என்றாள் ஸாஹிரா. "வீட்ல யாரு இருக்கா?"

"மாமா மட்டுந்தான்."

மாமனார் மருமகளைத் தொடுவது எங்கள் குடும்பத்தில் இல்லை. பதின்மூன்று வருடமாகத் தேத்தண்ணியைக்கூட அவள் மேசையில்தான் வைப்பாள். அதைச் சொன்னேன். ஸாஹிரா சிரிக்கவில்லை.

"அப்ப அவங்களே இடது கையால வளைச்சுக்கட்டும். தையல் ஆறினதும் ஈரத்துணி முறுக்கணும். ஒரு முனைய நீங்க பிடிங்க மாமா. அதுல தொடுறதுக்கு என்ன இருக்கு?"

தையல் ஆறியது. தண்ணீர் கொட்டும் பீலியடியில் என் வேட்டியை நனைத்து ஒரு முனையைப் பிடித்து நின்றேன். மறுமுனையை அவள் முறுக்கினாள். துணி அசையவில்லை.

"வலிக்குதாம்மா?"

"இல்ல மாமா."

"பொய் சொல்லாத."

"வலிக்குது மாமா."

"ஆடி போகட்டும்னு சொன்னது நான்தான்," என்றேன்.

"கெட்டதுக்கா சொன்னீங்க? முனைய விட்றாதீங்க. இன்னும் ஒருவாட்டி."

தினமும் நின்றோம். நான்காம் கிழமை, குடத்தோடு தண்ணீர் பிடிக்க வந்த அடுத்த வீட்டுத் தெரேசம்மா எங்களைப் பார்த்து நின்றுவிட்டாள்.

"என்னங்க ஐயா, சலவைக்கு எடுக்குறீங்களா? எங்க வீட்லயும் ரெண்டு போர்வ கெடக்கு."

விஜயகலா சிரித்துவிட்டாள். சிரித்தபடியே முறுக்கினாள். வேட்டி என் கையில் இழுபட்டுத் திரும்பியது. தண்ணீர் வடிந்து என் பாதத்தில் விழுந்தது. அவள் சிரிப்பை நிறுத்தித் தன் மணிக்கட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் முனையை விடவில்லை.

தை மாதம் அவள் மறுபடி பால் வெட்டப் போனாள்.

நாகலிங்கம் பீலியில் மருமகளுக்குச் சேலை துவைக்கிறார் என்று எங்கள் லயத்து வரிசை வீடுகளில் ஒரு பேச்சு இருக்கிறது. அது தவறு. அது என் வேட்டி. பிழிந்தது அவள்.