இரண்டாவது சாவி இல்லாத அறை

அருவியின் விளிம்பில் விடுதி நடத்தும் அந்த அம்மாளுக்கு, பாறை ஆய்வாளர் வந்து இறங்கியதுமே பொறி தட்டிவிட்டது. கூட்டிவந்தது கொழுந்தன் அல்லவா! புருஷன் போனதிலிருந்து, "விடுதியை மூடிடுங்க அண்ணி" என்று ஒரே பாட்டாகப் பாடுகிற ஆள். இப்போது ஒரு கல் டாக்டரையே கையோடு கொண்டுவந்துவிட்டான்.

கல் டாக்டர், சாப்பாட்டுக்கூடத்துச் சுவர் விரிசலின் குறுக்கே மெல்லிய கண்ணாடித் துண்டு ஒன்றை ஒட்டினார்.

"தரை நகர்ந்தா இது உடையும்மா. பூமிக்கு அடியில பெரிய பெரிய பாறைத் தட்டுங்க ஒண்ணையொண்ணு நெருக்குது. அதுல இங்க பாறை பிளந்து, ஒரு பக்கம் மேல ஏறிடுச்சு. அந்தப் படியிலதான் ஆறு விழுது. உங்க அருவியே அப்படி வந்ததுதான்."

"எப்ப ஏறிச்சு?"

"லட்சக்கணக்கான வருஷமா."

"அப்ப இன்னைக்கு மட்டும் என்ன அவசரம்?"

"இன்னும் ஏறிக்கிட்டுதாம்மா இருக்கு. பிளவு உங்க வீட்டுக்கு அடியிலயே போகுது."

சில நாளில் கண்ணாடி உடைந்தது. அன்று காலை கொழுந்தன் காப்பிக்கு வந்திருந்தான். உடையாமல் என்ன செய்யும்?

"வந்து எங்களோட இருங்க அண்ணி. இது இடியப்போற வீடு."

"இடியப்போற வீடு மேல உனக்கு ஏன்டா இத்தனை கண்ணு?" என்று வெடுக்கென்று கேட்டாள். அவன் முகம் சுண்டிப்போனது. நடிப்பு என்று நினைத்துக்கொண்டாள்.

சும்மா விடுகிறவளா அவள்? அதே விரிசல் சாமான் அறைக்குள்ளும் ஓடியது. விடுதியிலேயே தங்கியிருந்த கல் டாக்டரின் பெட்டியிலிருந்து ஒரு கண்ணாடித் துண்டையும் பசையையும் நைசாக எடுத்து, அரிசி டிரம்முக்குப் பின்னால் ஒட்டினாள். கதவைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகினாள். இரண்டாவது சாவி கிடையாது. புருஷன் அதை என்றோ அருவிக்குள் தவறவிட்டிருந்தார். இனி எவன் கைவரிசை காட்டுவான், பார்க்கலாம்!

மறுவாரம் கதவைத் திறந்தாள். பூட்டில் ஒரு கீறல் இல்லை. டிரம்மை நகர்த்திப் பார்த்தாள். கண்ணாடி, விரிசல் போன வாக்கிலேயே இரண்டாகப் பிளந்திருந்தது. ஒரு பாதி, மற்றதைவிட நகக்கண் அளவு மேலே ஏறி நின்றது.

 கூடத்தில் விருந்தாளிகள் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

"தட்டை அப்படியே வச்சிட்டு எல்லாரும் வெளிய போங்க!" என்று கத்திக்கொண்டே ஓடினாள்.

சேதி கேட்டுக் கொழுந்தன் மூச்சிரைக்க வந்து சேர்ந்தான். வாசலில் நின்றவள் சாவிக்கொத்தை அவனிடம் நீட்டினாள்.

"எனக்கெதுக்கு அண்ணி இது?" அவன் அதைத் தொடக்கூட இல்லை. "நீங்க வெளிய வந்துட்டீங்கல்ல, அது போதும்."