எங்கள் விடைத்தாள்

திருத்தியவர் ஏழாம் பக்கத்தைப் புரட்டவே இல்லை. விடைத்தாளின் நகலை வாங்கிப் பார்த்த அன்றே சின்னவளுக்கு அது தெரிந்துவிட்டது. பத்து மதிப்பெண் கேள்விக்குப் பக்கம் நிறைய எழுதியிருந்தாள். சிவப்பு மை ஒரு பொட்டுக்கூடப் படவில்லை. இரண்டே மதிப்பெண்ணில் தேர்ச்சி போயிருந்தது. மறுமதிப்பீட்டுக்கு எழுதிப் போட்டு ஏழு மாதமாயிற்று. விண்ணப்பம் கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது.

மருத்துவமனை ஒன்றின் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் அவளுக்கு வேலை தயாராக இருந்தது. மாதக் கடைசிக்குள் தேர்ச்சிச் சான்றிதழ் வராவிட்டால் வேறு ஆளை எடுத்துக்கொள்வோம் என்று முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார்கள். இன்னும் ஒன்பது நாள்தான் பாக்கி.

இப்படித் தொங்கலில் விடப்பட்டவர்கள் மொத்தம் பன்னிரண்டு பேர். சேர்ந்து பல்கலைக்கழகத்தின் மேல் வழக்குப் போட்டார்கள். முதல் மனுதாரர் யார் என்ற பேச்சே எழவில்லை. வாயாடி இருக்கும்போது வேறு யார்? மூன்று வருடமும் சின்னவளோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவள். துணைவேந்தரே வந்தாலும் வாய் குழறாது. எங்கள் சார்பில் இவளே பேசலாம் என்று மற்ற பதினொரு பேரும் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள்.

அன்று காலை வழக்கு விசாரணைக்கு வந்தது. இவர்களுடைய வக்கீல் வாயைத் திறப்பதற்குள் பல்கலைக்கழக வக்கீல் ஒரு தாளை நீட்டினார்.

நீதிபதி அதை உரக்கப் படித்தார். "எங்கள் விடைத்தாள் மறுமதிப்பீடு செய்யப்பட்டு முடிவு கிடைத்துவிட்டது. எங்களுக்கு இனி எந்தக் குறையும் இல்லை. வழக்கைத் திரும்பப் பெறுகிறோம்."

கீழே வாயாடியின் கையெழுத்து.

"இது எனக்கே தெரியாதுங்க ஐயா. மத்த பதினொரு பேருக்கும் முடிவு வரவே இல்லை" என்று இவர்கள் வக்கீல் பதறினார்.

"எல்லாருக்காகவும் இவங்கதானே கையெழுத்துப் போட்டிருக்காங்க? 'எங்கள்'னு தெளிவா எழுதியிருக்கு. குறை இருக்கறவங்க புதுசா மனு போட்டுக்கட்டும்."

சொல்லிவிட்டு நீதிபதி அடுத்த வழக்கின் கட்டைப் பிரித்துவிட்டார். திங்கட்கிழமையிலிருந்து நீதிமன்றத்துக்கு ஒரு மாதம் விடுமுறை.

வெளியே நடைபாதையில் சின்னவள் வாயாடியின் கையைப் பிடித்து நிறுத்தினாள்.

"என்னடி எழுதிக் குடுத்த?"

"எங்க வீடு, எங்க அம்மான்னு சொல்றதில்லையா? அந்த மாதிரி எழுதிட்டேன்டி. என் பேப்பரைத்தான் சொன்னேன். சத்தியமா!"

கூடப் பிறந்தவர் யாரும் இல்லாத பெண்ணும் 'எங்க அம்மா' என்றுதானே சொல்கிறாள்? சின்னவள் நம்பிக்கூடப் போனாள். சிநேகம் அப்படிப்பட்ட முட்டாள்தனம்.

"சரி, உன் ரிசல்ட் எப்ப வந்துச்சு?"

வாயாடிக்கு முதன்முறையாக வாய் குழறியது.

"போன மாசம். யுனிவர்சிட்டி ஆபீஸுக்குக் கூப்பிட்டாங்க. நாங்க சொல்றபடி எழுதிக் குடு, யார்கிட்டயும் மூச்சு விடாதே, சர்டிபிகேட்டை இப்பவே வாங்கிட்டுப் போன்னாங்க. அவங்க சொல்லச் சொல்ல எழுதினேன்."

"நேத்து மத்தியானம் என் பக்கத்துல உக்காந்து, ஜட்ஜ் என்ன சொல்வாரோன்னு பயமா இருக்குன்னியே?"

அடித்திருந்தால்கூடச் சின்னவளுக்கு இவ்வளவு வலித்திருக்காது. ஒரு மாதமாக இவளிடம்தான் நாளை எண்ணி எண்ணி அழுதிருக்கிறாள். இவளும் முதுகைத் தடவிக் கொடுத்திருக்கிறாள், பையில் சான்றிதழை வைத்துக்கொண்டு.

மற்ற பத்துப் பேரும் வக்கீலைச் சூழ்ந்து நின்றார்கள். வாயாடி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"அழாதடி. நாம புதுசா ஒரு மனு போடலாம்."

சின்னவள் கையை விட்டாள்.

"நாம இல்ல" என்றாள். "நாங்க."

சொல்லிவிட்டு அந்தப் பத்துப் பேரை நோக்கி நடந்தாள்.