இஸ்திரிக்காரி எடுத்த காட்சி

திரையில் தன் முகத்தைப் பார்க்கும்வரை, தான் ஒரு படத்தில் நடித்திருப்பதே இஸ்திரிக்காரிக்குத் தெரியாது.

சில மாதங்களுக்கு முன் ஒருவன் சின்னச் சட்டை ஒன்றைக் கடைக்குக் கொண்டுவந்தான். "பையன் போயிட்டான்மா. இதத்தான் போட்டு அனுப்பணும்" என்றான். அவள் சட்டையைத் தேய்த்துக்கொண்டே, புருஷன் வெளியூரில் இருந்தபோது கருவிலேயே கலைந்த தன் குழந்தையைப் பற்றிச் சொல்லி அழுதாள். புருஷனிடம்கூடச் சொல்லாத சங்கதி அது.

எதிர்மாடியில் கேமரா ஓடிக்கொண்டிருந்தது. வந்தவன் நடிகன். கதை, வசனம் எதுவும் இல்லாமல், தெருவில் அகப்பட்டவர்களை வைத்துப் படமெடுப்பதுதான் அவனை அனுப்பிய இயக்குநரின் பாணி.

"அண்ணி, இந்தப் படத்த நீங்க பாத்தே ஆகணும்!" என்று நாத்தனார்தான் புருஷன் பெண்டாட்டி இருவரையும் தியேட்டருக்கு இழுத்துப் போனாள். திரையில் இஸ்திரிக்காரி விக்கி விக்கி அழுதாள். அந்த நடிகன் கேமரா பக்கம் திரும்பிக் கண்ணடித்தான். அரங்கமே விழுந்து விழுந்து சிரித்தது. புருஷன் எழுந்து வெளியே போய்விட்டான்.

"ஊருக்கே தெரிஞ்சிருக்கு. எனக்குத்தான் தெரியல" என்றான் வீட்டில். அதோடு பேச்சு நின்றுபோனது.

அவள் இயக்குநரின் அலுவலகத்துக்கே போனாள். "அக்கா, பிச்சு உதறிட்டீங்க! இதெல்லாம் கலைக்கா. சிரிச்சிட்டு விடுங்க" என்றான் அவன். அவள் சிரித்துவிட்டுத்தான் வந்தாள். வயிறு மட்டும் கொள்ளிக்கட்டையாக எரிந்தது.

பிறகு ஒரு டிவி பேட்டியில் அவன் உருகினான்: தன்னை வளர்த்த அண்ணனோடு சண்டையாம், பல வருஷமாய்ப் பேச்சில்லையாம். இஸ்திரிப்பெட்டியைக் கீழே வைத்துவிட்டு முழுவதையும் கேட்டாள்.

அடுத்த படத்துக்காக அவன் கடைத்தெருவில் இறங்கிய அன்று, கூட்டத்தை விலக்கிக்கொண்டு மூச்சிரைக்க ஓடினாள். அவனுக்கு அவளை அடையாளம் தெரியவில்லை. அது அவளை இன்னும் உசுப்பியது.

"தம்பி, உங்க அண்ணன்... லாரி அடிச்சிருச்சு... உங்க பேரத்தான் சொல்லிட்டிருந்தாரு..."

அவன் நடுத்தெருவில் அப்படியே உட்கார்ந்துவிட்டான். "அண்ணே, என்னை மன்னிச்சிருண்ணே!" என்று தலையில் அடித்துக்கொண்டு கதறினான். இயக்குநர் சொல்லாமல் ஓடும் கேமராவை நிறுத்தக் கூடாது என்பது அங்கே சட்டம். கேமராக்காரர் கிட்டே போய் முகத்தை எடுத்தார்.

அவள் அவசரப்படவில்லை. அவன் தொண்டை கட்டிப்போகும்வரை நின்றாள். பிறகு குனிந்து, "அண்ணன் கல்லுக்குண்டு மாதிரி இருக்காரு. நல்லா நடிச்சீங்க தம்பி. சிரிச்சிட்டு விடுங்க" என்றாள். கேமராவைப் பார்த்துக் கண்ணடிக்கப் பார்த்தாள். இரண்டு கண்ணும் சேர்ந்தே மூடிக்கொண்டன. தெரு கொல்லென்று சிரித்தது.

"அதை அழிங்கடா!" என்று அவன் கத்தினான். தயாரிப்பாளர் அழிக்கவிடுவாரா? படத்துக்கே அதுதான் உயிர் என்று வைத்துக்கொண்டார்.

படம் வந்த முதல் நாளே அவள் நாத்தனாரோடு முன்வரிசையில் உட்கார்ந்தாள். புருஷன் வரவில்லை. அவன் இன்னமும் ஒற்றை வார்த்தைக்கு மேல் பேசுவதில்லை. திரையில் இயக்குநர் கதறியபோது அரங்கத்திலேயே உரக்கச் சிரித்தவள் அவள்தான்.

"பாவம் அண்ணி, அந்தாளு" என்றாள் நாத்தனார், வெளியே வரும்போது.

"பாவந்தான்" என்றாள் அவள். "அடுத்த ஆட்டத்துக்கும் டிக்கெட் இருக்கான்னு கேளு."