உடையப்பன் அழைக்கிறார்

முத்துப்பேச்சி அத்தை செருப்பைக்கூடக் கழற்றவில்லை. வாசலில் நின்றே கத்தினார்.

"ஏலே உடையப்பா, ஒன் வெள்ளாமைக்குத் தண்ணி ஊத்த ஒனக்குக் கையில்லையா? ஒரு நாளைக்கு ஆறு தடவ என்னையக் கூப்பிடுற?"

அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். "நா எங்கக்கா கூப்பிட்டேன்?"

அத்தை போனை என்னிடம் நீட்டினார். 'உடையப்பன் அழைக்கிறார். அவருடைய பயிர் வாடுகிறது. தண்ணீர் ஊற்ற வாருங்கள்.' அதற்குக் கீழே ஒரு தக்காளிச் செடிப் படம். செடிக்குக் கண் இருந்தது. அழுதுகொண்டிருந்தது.

"வேம்பார்பட்டியில எங்க சம்பந்தி கேக்குறா, உடையப்பன் வீட்டு மோட்டார் கருகிப்போச்சான்னு. ஒன் பேரப் பாத்தாலே இப்ப எல்லாரும் தள்ளிவிட்டுர்றோம் பாத்துக்க."

அது புதன்கிழமை. வேறு வாரமாக இருந்தால் நானும் சிரித்திருப்பேன்.

சனிக்கிழமை காலை பத்து மணிக்குத் திண்டுக்கல்லிலிருந்து பிராங்க்ளின் சார் வருவதாக இருந்தது. பூ விவசாயிகள் சங்கத்துக்காக வேன் விடுகிறவர். எங்கள் பக்கத்து மல்லிகைப் பூவை விடியற்காலையில் அவரவர் வண்டியில்தான் மார்க்கெட்டுக்குக் கொண்டுபோகிறோம். போன மாதம் சாணார்பட்டி வளைவில் அம்மா பூ மூட்டையோடு பின்சீட்டிலிருந்து விழுந்தார். வலது மணிக்கட்டில் இன்னும் மாவுக்கட்டு இருக்கிறது. பூ வேன் ஊருக்குள் வந்தால் இந்தப் பாடு எவருக்கும் இல்லை. ஆனால் பிராங்க்ளின் சார் ஒரு நிபந்தனை வைத்திருந்தார். முப்பது வீட்டுக்காரர்கள் நேரில் வந்து பெயர் கொடுக்க வேண்டும். ஒன்று குறைந்தாலும் வேன் அடுத்த ஊருக்குப் போய்விடும்.

எல்லோரையும் அழைக்கும் பொறுப்பு அப்பாவுடையது. அதைப் போனிலேயே முடித்துவிடலாம் என்று அவர் பேஸ்புக்கில் அழைப்பு அனுப்பி நான்கு நாள் ஆகியிருந்தது. ஒருவர்கூடப் பதில் போடவில்லை. ஏன் என்று இப்போது தெரிந்தது.

அத்தை போன பிறகு அப்பாவின் போனை வாங்கிப் பார்த்தேன். விளையாட்டின் பெயர் பச்சைவயல்.

"இது எப்படிப்பா வந்துச்சு?"

"திருப்பூர்லேர்ந்து பாக்கியராஜ் கூப்பிட்டிருந்தான். மச்சினன் கூப்பிட்டுப் போகாம இருக்க முடியுமா?"

"சரி. நீங்க ஏன் மத்தவங்களக் கூப்பிட்டீங்க?"

"யார அழைக்கணும்னு அது கேட்டுச்சு ஆத்தா. பேரெல்லாம் வரிசையா வந்துச்சு. ஒருத்தர விட்டாலும் பொல்லாப்பு. அதான் எல்லாரையும் தொட்டேன்."

நானூற்றுப் பன்னிரண்டு பேர். அதில் என் கல்லூரி வேதியியல் பேராசிரியரும் இருந்தார்.

அப்பாவைக் குறை சொல்ல முடியாது. எங்கள் ஊரில் கல்யாணம், காதுகுத்து, கிரகப்பிரவேசம் எது என்றாலும் பத்திரிகை வைக்க அப்பாவைத்தான் கூட்டிக்கொண்டு போவார்கள். ஒரு வீடு விடுபடாது. பேச்சுவார்த்தை இல்லாத வீட்டுக்கும் போய், வெற்றிலைத் தட்டை நீட்டி, குடும்பத்தோடு வரச் சொல்வார். முதல் நாள் இன்னொரு தடவை போய் ஞாபகப்படுத்துவார். 'தினமும் நினைவூட்டவா?' என்று பச்சைவயல் கேட்டபோதும் அதே மரியாதையோடு 'சரி' என்று தொட்டிருக்கிறார்.

நான் அந்த விளையாட்டைப் போனிலிருந்து நீக்கினேன். வேலை முடிந்தது என்று நினைத்தேன்.

வியாழக்கிழமை காலை ஆறேகாலுக்கு என் போன் அதிர்ந்தது. உடையப்பன் அழைக்கிறார்.

எங்கள் மல்லிகைத் தோட்டத்தில் கோரை முளைக்கும். மேலே அறுத்தால் மூன்றே நாளில் திரும்ப வரும். கிழங்கு மண்ணுக்குள் இருக்கும். இதுவும் அப்படித்தான். நான் தழையை மட்டும் அறுத்திருக்கிறேன்.

காந்திகிராமத்தில் வேதியியல் படித்தபோது ஆய்வகத்தில் ஒரு பழக்கம் வந்திருந்தது. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுவது. மாற்றியதைக் குறித்துவைப்பது. விளைவுக்குக் காத்திருப்பது. பழைய ஆய்வக நோட்டின் கடைசிப் பக்கத்தை எடுத்துக்கொண்டேன்.

பேஸ்புக்கில் செட்டிங்ஸ். அதற்குள் ஆப்களும் இணையதளங்களும் என்ற பகுதி. அங்கே பச்சைவயல் இன்னும் உட்கார்ந்திருந்தது. அப்பாவின் கணக்கோடு அது சேர்ந்தே இருந்தது. கிழங்கு இதுதான். நீக்கினேன். நேரம் எழுதினேன்: 7.10. வழக்கமாக இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை வரும் அழைப்பு எட்டேகாலுக்கு வரவில்லை. பத்தேகாலுக்கும் வரவில்லை. அதன் பிறகு தடுத்தல் என்ற இடத்துக்குப் போய் விளையாட்டின் பெயரைச் சேர்த்தேன். இனி யார் அழைத்தாலும் அது அப்பாவிடம் வராது. பாக்கியராஜ் மாமாவிடமிருந்து வரும் விளையாட்டு அழைப்புகளையும் தனியாகத் தடுத்தேன். அவரைத் தடுக்கவில்லை. அவருடைய குழந்தைகளின் படங்களை அம்மா பார்ப்பார்.

மாலை ஆறு வரை என் போன் அதிரவே இல்லை. நோட்டில் 'வெற்றி' என்று எழுதி அடிக்கோடு போட்டேன். அதைக் காட்டப் பக்கத்தில் யாருமில்லாததால் ஆட்டுக்குட்டியிடம் காட்டினேன்.

உள்ளே அப்பா போனில் ஒவ்வொருவராகக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். மூன்று பேரிடம்தான் பேசினார். மூன்றாவது ஆள் கருப்பணன். அவர் குரல் வெளியே வரை கேட்டது.

"என்னப்பா, மறுபடியும் தண்ணியா? குடத்தத் தூக்கிட்டு வரவா?"

அப்பா போனைக் கவிழ்த்து வைத்தார்.

"நாளைக்கு நேர்லயே போயிரலாம்பா," என்றேன்.

"எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுப் போக? இருவது வருசமா நா அழைச்சா வராத ஆளு கெடையாது. இப்ப சிரிக்கிறான். இன்னும் ரெண்டு நாள்தான் இருக்கு, வேற ஊருக்குத்தான் வேன் போகும், போகட்டும்."

அம்மா கட்டுப்போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"நீ போ மதி."

நான் பேசமாட்டேன் என்பது அம்மாவுக்குத் தெரியும். கடையில் சில்லறை குறைந்தால்கூடக் கேட்காமல் வருகிறவள் நான். கல்லூரியில் கருத்தரங்கத் தாளை என் தோழி அறிவுச்செல்விதான் எனக்காகப் படித்தாள்.

"தட்ட எடுத்துக்கிட்டுப் போ," என்றார் அம்மா. "வெறுங்கையோட போனா இவளும் வெளாட்டுக்குத்தான் வந்திருக்கான்னுவாங்க."

வெள்ளிக்கிழமை ஏழு மணிக்கு வண்டியை எடுத்தேன். முதல் வீடு கருப்பணன் வீடு. தட்டை நீட்டினேன். சொல்லவேண்டியதை வழி முழுக்கச் சொல்லிப் பார்த்திருந்தேன். ஒன்றும் வரவில்லை.

"என்ன பாப்பா, அப்பன் அனுப்புனானா? தண்ணிக்கா, ஒரத்துக்கா?"

அவர் மனைவி உள்ளிருந்து சிரித்தார். என் காது சுட்டது. அப்போது அவர் சட்டைப் பையில் போன் அதிர்ந்தது. அவர் எடுத்துப் பார்த்து முகம் சுளித்தார்.

"இந்தா, ஒங்கப்பன் இல்லேன்னா வேற ஒருத்தன். நாள் பூரா இதே எழவு."

"போனக் குடுங்க மாமா," என்றேன்.

மூன்று சொல். தானாக வந்தது.

போன் கைக்கு வந்ததும் அவர் முகத்தைப் பார்க்கவேண்டிய தேவை இல்லாமல் போனது. திரையைப் பார்த்துக்கொண்டே பேச முடிந்தது. இங்க போங்க, இத அமுக்குங்க, இப்ப நீங்களே செய்ங்க. மூன்று நிமிடம் ஆனது. திருப்பிக் கொடுக்கும்போது குனிந்தபடியே சொன்னேன்.

"இனிமே வராது. நாளைக்குப் பத்து மணிக்குப் பள்ளிக்கூடத்துக்கு வாங்க. பூ வேனுக்குப் பேரு குடுக்கணும். அப்பா அழைக்கிறாரு. இது போன்ல வந்த அழைப்பு இல்ல."

கருப்பணன் தட்டிலிருந்து வெற்றிலையை எடுத்துக்கொண்டார். எடுத்துவிட்டால் வருவார் என்று அர்த்தம்.

அடுத்து உரக்கடை முனீர் மாமா, எட்டுப் பாத்தி ரோஜா வைத்திருப்பவர். விளையாட்டின் பெயரைத் தடுக்கப்போகும்போது அவர் போனைப் பிடுங்கிக்கொண்டார்.

"ஆத்தா, ஆத்தா! கோழிய மட்டும் விட்டுரு. அதுல பதினோரு கோழி வச்சிருக்கேன். சாயங்காலம் முட்டை எடுக்கணும்."

"நீங்களும் ஆடுறீங்களா மாமா?"

"ஒங்கப்பன் கூப்பிட்டான்ல. போகாம இருந்தா நல்லாவா இருக்கும்?"

சிரித்துவிட்டேன். சத்தமாகவே. அவருடைய கோழிகளை விட்டுவைத்து, அவரிடமிருந்து மற்றவர்களுக்குப் போகிற தினசரி அழைப்பை மட்டும் நிறுத்தினேன். கடைக்கு யூரியா வாங்க வந்திருந்த இருவர் தங்கள் போனையும் நீட்டினார்கள்.

மதியத்துக்குள் எனக்கு முன்னால் என்னைப் பற்றிய பேச்சு போய்ச் சேர்ந்திருந்தது. தெருமுனையில் வண்டி திரும்பும்போதே போனை எடுத்துக்கொண்டு நின்றார்கள். "உடையப்பன் மகதான? செத்த நேரம் நில்லு, எம் மருமக போனையும் கொண்டாரேன்." முத்துப்பேச்சி அத்தை தன் வீட்டில் எனக்குக் குழம்பு ஊற்றிச் சோறு போட்டார். வெஞ்சனத்துக்கு அவரைக்காய். சாப்பிட்டு முடிப்பதற்குள் அடுத்த மூன்று வீட்டுப் பெண்கள் வந்துவிட்டார்கள். தட்டில் வெற்றிலை இரண்டு முறை தீர்ந்தது. மாலையில் வீட்டுக்கு வந்தபோது தொண்டை கட்டியிருந்தது. அவ்வளவு பேசி எனக்குப் பழக்கமில்லை.

சனிக்கிழமை பிராங்க்ளின் சார் பத்து நிமிடம் முன்பே வந்துவிட்டார். பள்ளிக்கூட வேப்பமரத்தடியில் பதினான்கு பேர் இருந்தார்கள். அப்பா சைக்கிள் நிறுத்துமிடத்தின் பக்கம் தனியாக நின்றார். பத்து மணிக்கு இருபத்திரண்டு. பிராங்க்ளின் சார் கடிகாரத்தைப் பார்த்தார்.

"முப்பதுன்னு சொல்லியிருந்தேன்ல அண்ணே."

அப்பா தலை குனிந்தார்.

அப்போது கிழக்குப் பக்கம் ஒரு டிராக்டர் சத்தம். முனீர் மாமா ஓட்டிவந்தார். பின்னால் ட்ரெய்லர் முழுக்க ஆள். வேம்பார்பட்டிச் சம்பந்திகூட இருந்தார். முத்துப்பேச்சி அத்தை இறங்கும்போதே கூவினார்.

"எண்ணிக்கோங்க சார்! உடையப்பன் அழைச்சா ஊரே வந்து நிக்கும்!"

மொத்தம் நாற்பத்தேழு வீட்டுக்காரர்கள்.

பிராங்க்ளின் சார் பெயர் எழுத ஆரம்பித்தார். பாதியில் அவர் போன் அதிர்ந்தது. எரிச்சலோடு பார்த்தார்.

"இது என்னங்க, யாரோ பயிருக்குத் தண்ணி ஊத்தணுமாம். ஒரு வாரமா உசிர வாங்குது."

நாற்பத்தேழு பேரும் ஒரே நேரத்தில் சிரித்தார்கள். பிறகு எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

அப்படி ஒரு பார்வைக்குத்தான் நான் பள்ளி நாளிலிருந்தே பயந்துவந்தேன். எழுந்தேன். நேற்று ஐம்பது தடவைக்குமேல் சொன்னதுதான் இது.

"எல்லாரும் போன எடுங்க," என்றேன். குரல் வேப்பமரத்தைத் தாண்டிப் போனது. "நேத்து விட்டுப்போனவங்க முன்னால வாங்க. சார், நீங்களும்."

திங்கட்கிழமை காலை ஐந்து மணிக்கு வேன் எங்கள் தெருவில் ஹாரன் அடித்தது. முதல் மூட்டையை அப்பா ஏற்றினார். அம்மா வாசலில் நின்று, மாவுக்கட்டுக் கையை ஆட்டி டிரைவருக்கு டாட்டா காட்டினார்.

அன்று மாலை திருப்பூரிலிருந்து பாக்கியராஜ் மாமா கூப்பிட்டார். அப்பா ஸ்பீக்கரில் போட்டார்.

"என்ன மச்சான், நாலஞ்சு நாளா கூப்பிடுறேன், வயல் பக்கமே வரமாட்டேங்கிறீங்க? தக்காளி பூரா வாடிப்போச்சு."

அப்பா என்னைப் பார்த்தார். மீசைக்குள் சிரித்தார்.

"நேர்ல வந்து வெத்தல வச்சு அழைடா," என்றார். "வாரேன்."