திரும்ப அழைக்கும் கடிதம்

ஜுமானா அப்பாவுக்குக் கறுப்புக் கோட்டை மாட்டி, இரண்டாவது கையை நுழைப்பதற்குள் அவர் மறுபடி கட்டிலை விட்டு இறங்கப் பார்த்தார்.

“மேடம், நேரமாயிடுச்சு. அரண்மனையில காத்திருப்பாங்க.”

“அப்பா, நான் யாருன்னு பாருங்க.”

“நீங்க நல்லவங்க மேடம். வண்டியை மட்டும் வரச் சொல்லுங்க.”

காலையிலிருந்து இதே கதைதான். இன்று தாண்டாது என்று மருத்துவர் சொல்லிவிட்டுப் போயிருந்தார். அதற்குள் ஒரு தடவை தன் பெயரைச் சொல்லிக் கூப்பிட மாட்டாரா என்று அவள் ஏங்கினாள். நாற்பத்தைந்து வயதில் அதற்காக அழுகை வருவது அவளுக்கே வெட்கமாக இருந்தது.

“உங்கப்பன் சாகறதுக்கும் அமைச்சகத்துல அனுமதி கேப்பான்,” என்றாள் லபீபா அத்தை. அவரைவிட ஒரு வயது மூத்தவள். ஆரஞ்சுப்பூத் தண்ணீரில் பஞ்சை நனைத்துத் தம்பியின் உதட்டில் ஒற்றிக்கொண்டிருந்தாள்.

வதீஃ ஷல்ஹூப் இருபத்தெட்டு வருடம் லெபனானுக்காக நாடு நாடாகப் போய்க் கைகுலுக்கியவர். கடைசியாக இருந்தது மழை ஓயாத ஒரு தென்னமெரிக்கத் தலைநகரில். விருந்து என்றால் எந்த நாட்டுக்காரர் எவர் பக்கத்தில் உட்காரக் கூடாது என்று மாலை முழுக்க அம்மாவோடு சண்டை போடுவார். உள்நாட்டுப் போரில் பெய்ரூட்டில் அப்போது ஒன்றுக்கு இரண்டு அரசாங்கம். இரண்டும் தந்தி அடித்தன. இரண்டுக்கும் ஒரே மரியாதையோடு பதில் போட்டார். அந்த நாட்களை நினைத்தால் அவளுக்கு இப்போதும் ஏலக்காய்க் காப்பி மணக்கும்.

பிறகு அவரைத் திரும்ப அழைக்கும் கடிதம் வந்தது. அதை அவரே கொடுக்க முடியாது. அடுத்து வரும் தூதர்தான் தன் நியமனக் கடிதத்தோடு சேர்த்து அந்நாட்டு ஜனாதிபதியிடம் கொடுக்க வேண்டும். அடுத்தவர் வரவே இல்லை, தூதரகத்தைப் பூட்டிவிட்டார்கள். கடிதம் அவர் மேசை இழுப்பறையிலேயே தங்கிவிட்டது. “முறைப்படி இன்னும் நான்தான் தூதர்,” என்று முப்பத்தைந்து வருடமாக வந்தவர்களையெல்லாம் சிரிக்கவைத்தார். இன்று யாருக்கும் சிரிப்பு வரவில்லை.

ஜுமானா இழுப்பறையைத் திறந்து உறையை எடுத்தாள்.

“அத்தை, கொஞ்ச நேரம் நீங்க ஜனாதிபதி.”

“நானா? சம்பளம் உண்டா?” என்ற அத்தை, அவள் முகத்தைப் பார்த்ததும் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

இதைச் செய்தால் கடைசிவரை அவருக்கு அவள் வேற்றாள்தான். தெரிந்துதான் புதிய தூதராக அத்தை முன் போய் நின்றாள்.

“மேன்மை தங்கிய ஜனாதிபதி அவர்களே, எனக்கு முன் இங்கு பணியாற்றிய தூதர் வதீஃ ஷல்ஹூபைத் திரும்ப அழைக்கும் கடிதம்.”

அத்தை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். “நல்ல மனுஷன். கொஞ்சம் பிடிவாதம். வீட்டுக்குப் போகட்டும்.”

அவருடைய தோள்கள் தளர்ந்தன. தலையணையில் சாய்ந்துகொண்டு, புதிய தூதரைப் பக்கத்தில் கூப்பிட்டார்.

“மேடம், ஒரு விஷயம். விருந்து நாள்ல மாடிப்படியில ஒரு பொண்ணு ஒளிஞ்சு உட்கார்ந்து பார்ப்பா. என் பொண்ணு. விரட்டிடாதீங்க.”

“சரிங்க ஐயா.”

“படியைப் பார்த்த நாற்காலி தூதருக்கு முறை இல்ல. ஆனா நான் அதுலதான் உட்காருவேன்.”

அவள் அங்கே ஒளிந்திருந்தது ஒருவருக்கும் தெரியாது என்றே இத்தனை காலம் நினைத்திருந்தாள்.

“அவ பேரென்ன ஐயா?”

“ஜுமானா.”

அதன் பிறகு அவர் பேசவில்லை. மூன்றரை மணிக்கு மூச்சு நின்றது.

நாலு மணிக்கு, முந்தின இரவு போன மின்சாரம் வந்தது. அறை விளக்கு தானாக எரிந்தது. பட்டப்பகலில் எரிந்த அதை அணைக்க இருவரும் எழுந்திருக்கவில்லை.