மூன்றாவது போன்

கிள்ளான் பக்கத்து மேருவில் எங்கள் வீட்டு ஹாலில் கேமராவை மாட்டியது என் வீட்டுக்காரர் கிஷன்தான். வேனில் போய் ஏர்கோன் ரிப்பேர் செய்கிறவருக்கு உலகத்தில் எல்லாமே தெரியும் என்று நினைப்பு. நாலு வயது சிந்துவைப் பகலில் புனிதா அக்கா பார்த்துக்கொள்வார். நான் ஷா ஆலம் அலுவலகத்தில் இருந்தபடியே போனில் எட்டிப் பார்ப்பேன்.

அன்று மதியம் சோற்றுப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டே பார்த்தேன். சிந்து சோபாவில் இருந்தாள். கேமரா மெல்ல அவளை விட்டுத் திரும்பி, கிரில் கதவின் பூட்டில் போய் நின்றது. நான் எதையும் தொடவில்லை.

கிஷனைக் கூப்பிட்டேன். "நீங்களா கேமராவத் திருப்புறீங்க?"

"நான் ஏணி மேல நிக்கிறேன்லா!"

செட்டிங்கில் போய்த் தேடினேன். கேமராவோடு மூன்று போன்கள் இணைந்திருந்தன. எங்களிடம் இருப்பதே இரண்டு.

"பாஸ்வர்ட் என்ன வச்சீங்க?"

"வேன் நம்பர். மறக்கக் கூடாதுல்ல."

"லாகின் பேரு கேக்குமே, அதுக்கு?"

"என் போன் நம்பர்."

போன் நம்பர் வேனின் பக்கவாட்டில் முழ நீளத்துக்கு எழுதியிருக்கிறது. வேன் நம்பர் பின்னாலேயே இருக்கிறது. ராத்திரி வேன் நிற்பதும் எங்கள் வாசலில்தான். இந்த மனிதர் ஒரு வருஷமாக எங்கள் வீட்டைத் திறந்துபோட்டு கிள்ளான் முழுக்க ஊர்வலம் விட்டிருக்கிறார்! யாரோ ஒருவன் அந்த இரண்டு நம்பரையும் சும்மா அடித்துப் பார்த்திருக்கிறான்.

புனிதா அக்காவுக்குப் போன் போட்டேன். "அக்கா, கேமரா வயரப் பிடுங்குங்க. கேள்வி கேக்காதீங்க."

படம் கறுத்தது. பாஸ்வர்டை மாற்றினேன், அந்த மூன்றாவது போனையும் நீக்கினேன். அப்போதுதான் மூச்சு வந்தது.

இன்னும் துண்டிக்காத போனில் சிந்துவின் அழுகை கேட்டது. "அம்மா, ஏன் மாமாவ ஆஃப் பண்ணீங்க?"

"எந்த மாமாடி?"

"கேமரா மாமா. புனிதா ஆன்டி துணி காயப்போடப் போனா என்கிட்ட பேசுவாங்க. இன்னிக்கு வீட்டுக்கு வரேன்னு சொன்னாங்க."

அவள் பேசி முடிக்குமுன் போனுக்குள் எங்கள் வாசல் மணி அடித்தது.

"திறக்காதீங்க அக்கா!" என்று கத்தினேன். வாசலில் நிற்பது யார் என்று பார்க்கப் பதறிப்போய் போனில் கேமரா ஆப்பைத் திறந்தேன். திரை கறுப்பாகவே இருந்தது. நான்தானே பிடுங்கச் சொன்னேன்.