இலை தின்ன வந்த தம்பி

வேலணையிலிருந்து ஒன்றுவிட்ட தங்கை றஞ்சனி தொலைபேசியில் அந்தச் செய்தியைச் சொன்னபோது மீனலோசனிக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது.

"அக்கா, கோபிக்காதேங்கோ. குலசிங்கண்ணை ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் புளியங்கூடலில உங்கட வீட்டுக்கு வாறன் எண்டு சொல்லிப்போட்டார். ஆனால் சமைச்சுக் கிமைச்சு வைக்கவேண்டாமாம். அவர் இப்ப வீகனாம்."

"என்னவாம்?"

"பால், தயிர், நெய், முட்டை, மீன், இறைச்சி ஒண்டும் தொடமாட்டார். ஒரு கிழமையாய் எங்கட வீட்டிலயும் அவருக்கு வெறும் இலைதான். அதுக்கும் மேல வெள்ளையாய், கிறீம் மாதிரி ஒரு சோஸ் விட்டால்தான் வடிவாய்ச் சாப்பிடலாமாம். அது இஞ்சை ஒருத்தருக்கும் செய்யத் தெரியாது எண்டுறார்."

"கனடாவுக்கு மனிசனாய்ப் போனவன் ஆடாய் வந்திருக்கிறான் எண்டு சொல்லு," என்று மீனலோசனி தொலைபேசியை வைத்தாள்.

வைத்த பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. குலசிங்கம் அவளுடைய ஒரே தம்பி. நண்டுக் கோதை அவன் உறிஞ்சுகிற சத்தம் ஒரு காலத்தில் ஒழுங்கை முடிவு வரைக்கும் கேட்கும். அவனுக்குப் பாலும் நெய்யும் ஆகாமல் போனதாம். அவளுக்கு விளங்காதா? ஆகாமல் போனது பாலும் நெய்யும் அல்ல, அவளுடைய கை.

மகள் வினோஜா பெரியபிள்ளையான சாமத்தியவீட்டில் தொடங்கியது அது. தாய்மாமன்தான் முதல் தண்ணீர் வார்க்கவேண்டும். அதற்காகவே ரொறன்ரோவிலிருந்து வெளிக்கிட்டவனின் விமானம் பிந்திவிட்டது. நல்லநேரம் முடியப்போகிறது என்று ஐயர் அவசரப்படுத்தினார். மீனலோசனி பொறுக்கவில்லை. ஒன்றுவிட்ட தம்பி பிரதாபனைக் கூப்பிட்டுத் தண்ணீரை வார்க்கச் சொல்லிவிட்டாள். குலசிங்கம் வாசல் படலையடியில் வந்து இறங்கியபோது பிள்ளையின் தலை நனைந்திருந்தது. அவன் பெட்டியைக் கீழே வைக்கவுமில்லை. "இனி இந்த வீட்டில பச்சைத்தண்ணியும் குடிக்கமாட்டன்," என்று சபைக்குக் கேட்கச் சொல்லிவிட்டு வந்த வான் வண்டியிலேயே திரும்பிப் போனான். பன்னிரண்டு வருடத்துக்கு மேலாகிவிட்டது.

இப்போது வினோஜாவுக்குக் கலியாணம். ஆவணியில் நாள் வைத்தாயிற்று. முறிந்துபோன உறவு பந்தலுக்குள் வந்து நிற்கவேண்டுமென்றால் முதலில் அந்த வீட்டில் சோறு தின்னவேண்டும். அதுதான் அங்கத்தைய முறை. சாப்பிடாமல் வந்து நிற்கிறவனை மாமன் என்று யாரும் கணக்கெடுக்கமாட்டார்கள். அவன் வரவும் மாட்டான். மணவறையில் மாமனுடைய இடம் வெறுமையாகக் கிடக்கும், ஊர் அதைப் பார்த்துக்கொண்டே சாப்பிடும். இது தெரிந்துதான் குலசிங்கம் மரியாதையாக ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறான். வந்து இருப்பான், கதைப்பான், ஆனால் தின்னமாட்டான். கேட்டால் வீகன்.

"அவன்ர இலையை அவன்ர வாயிலயே தீத்துறன் பார்," என்றாள் மீனலோசனி குசினிச் சுவரைப் பார்த்து.

சனிக்கிழமை காலை வேலை தொடங்கியது. வினோஜா தன் போனில் ஒரு வெள்ளைக்காரப் பெண்ணின் காணொளியை எடுத்துக் கொடுத்தாள். அந்தப் பெண் பளிங்கு மேசைக்குப் பின்னால் நின்று வெகுநேரம் சிரித்தாள். பிறகு கொஞ்சம் கதைத்தாள். பிறகு மறுபடி சிரித்தாள்.

"இவள் எப்பயடி சமைக்கப்போறாள்?"

"பொறுங்கோ அம்மா. கஜூவை ஊறப்போட்டு அரைக்கவேணுமாம். அதுதான் கிறீம்."

"கஜூவோ? முந்திரிப்பருப்பு விக்கிற விலையில, வீட்டில தேங்காய் கிடக்க ஆரும் கஜூ அரைப்பினமே? கிறீம் எண்டால் முதல்பால்தான். இவளுக்குத் தென்னையைத் தெரியாது, பாவம்."

அவள் தேங்காய் துருவிக் கெட்டியாகப் பால் பிழிந்தாள். தேசிக்காய் பிழிந்து புளி விட்டாள், உப்பும் மிளகுத்தூளும் போட்டாள், அடித்துக் கலக்கி மூடிவைத்தாள். சற்று நேரம் கழித்துத் திறந்தபோது மேலே ஒரு தடிப்பு மிதந்தது, கீழே தெளிந்த தண்ணீர் நின்றது.

"ஊறுகாய்ப் போத்தல் கழுவின தண்ணி மாதிரிக் கிடக்கு," என்றாள் வினோஜா.

மீனலோசனி அதை அப்படியே வெளியே ஊற்றினாள். சுருக்குப்பையை எடுத்துக்கொண்டு கடைக்குப் போய்க் கஜூ வாங்கிவந்தாள். தண்ணீரைக் கொதிக்கவைக்கும் பொறுப்பைப் புருஷன் வைத்திலிங்கத்திடம் கொடுத்தாள். கொடுத்த வேலையைச் செய்துவிட்டு விறாந்தைக் கதிரையில் போய்ச் சாய்ந்துவிடுகிற மனிதர் அவர். கொதித்த தண்ணீரில் கஜூ ஊறியது. ஊறியதை உள்ளி ஒரு பல்லோடும் தேசிக்காய்ப்புளியோடும் கடுகுத்தூளோடும் மிக்சியில் போட்டு அரைத்தார்கள். மீனலோசனி விரலில் தொட்டு நாக்கில் வைத்தாள். முகம் சுருங்கியது.

"உப்புப் போட்டனியோ?"

"நான் இன்னும் போடேல்ல அம்மா."

இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பிறகு இருவரும் விறாந்தைப் பக்கம் பார்த்தார்கள்.

"இஞ்சேருங்கோ! எந்தத் தண்ணியைக் கொதிக்கவைச்சனீங்கள்?"

"கிணத்துத் தண்ணிதான். ஏன்?"

அந்தக் கிணற்று நீர் உவர். குளிக்கவும் சட்டி கழுவவும் மட்டும்தான். குடிக்கிற தண்ணீர் பவுசர் லொறியில் வந்து நீலப் பரலில் நிரம்பி நிற்கிறது. இதை அந்த வீட்டுப் பூனையும் அறியும்.

"ஊறவைச்சிட்டு ஊத்துற தண்ணிதானே, என்னத்துக்கு நல்ல தண்ணியை வீணாக்குவான் எண்டு..."

"நீங்கள் மிச்சம்பிடிச்சது காணும். ஒரு தண்ணியும் கொதிக்கவைக்கவேண்டாம். இருந்த இடத்தில இருங்கோ."

மூன்றாம் முறை பரல் தண்ணீர். இந்த முறை மீனலோசனி அவசரப்படவில்லை. கஜூவை விரலால் நசுக்கிப் பார்த்தாள், அது குழைந்தபிறகுதான் எடுத்தாள். அரைத்தாள், நிறுத்தினாள், ஓரத்தில் ஒட்டியதை வழித்து நடுவில் விட்டாள். கரண்டி கரண்டியாகக் குளிர்ந்த தண்ணீர் விட்டு மறுபடி அரைத்தாள். முதலில் திப்பியாக இருந்தது, பிறகு களி, பிறகு திடீரென்று வெள்ளையாக, வழுவழுவென்று, கரண்டியிலிருந்து நாடாப் போல இறங்கியது. கடைசியில் உப்பும் கொஞ்சம் நல்லெண்ணெயும்.

நாக்கில் வைத்துப் பார்த்தாள். குற்றம் சொல்ல இடம் தேடினாள். அகப்படவில்லை.

"பச்சடிக்குப் பட்டுச்சேலை கட்டிவிட்ட மாதிரி இருக்கு," என்று மட்டும் சொன்னாள்.

"அப்ப நல்லாயிருக்கோ அம்மா?"

"நான் அப்பிடிச் சொன்னனானே?"

ஞாயிறு மத்தியானம் குலசிங்கம் வந்தான். மெலிந்து, கன்னம் ஒட்டிப்போயிருந்தான். கையில் தன்னுடைய தண்ணீர்ப் போத்தல். மீனலோசனி அவன் முகத்தைப் பார்க்க முந்திப் போத்தலைத்தான் பார்த்தாள்.

"வா தம்பி."

"ஓமக்கா."

மின்விசிறி சுற்றியது. வைத்திலிங்கம் இந்த வருஷம் மழை பிந்தும் என்றார். யாரும் மறுக்கவில்லை, ஆமோதிக்கவுமில்லை. அவர் இன்னொரு தரம் சொல்லிப் பார்த்தார். மழை அத்தோடு முடிந்தது.

"நான் றஞ்சனியிட்டைச் சொன்னனான், ஒண்டும் செய்யவேண்டாம் எண்டு," என்றான் குலசிங்கம்.

"நாங்கள் ஒண்டும் செய்யேல்ல. வந்து மேசையில இரு."

மேசையில் சலாது இலை, வெள்ளரிக்காய், தக்காளி, கரட் எல்லாம் பெரிய பீங்கானில் இருந்தன. பக்கத்தில் கண்ணாடிக் கோப்பையில் அந்த வெள்ளைச் சோஸ். குலசிங்கம் அதைப் பார்த்தான். பார்த்துக்கொண்டே இருந்தான். ஒளிந்திருந்த மறைப்பை யாரோ தூக்கிக்கொண்டு போய்விட்டதைப் போல அவன் முகம் வெறுமையானது.

"இதில பால்..."

"பாலுமில்லை, தயிருமில்லை. கஜூ. நீ ஒருத்தருக்கும் தெரியாது எண்டு சொன்ன சாமான்தான். எங்கட தீவில போனும் இருக்கு, மிக்சியும் இருக்கு."

அவன் முள்ளுக்கரண்டியை எடுத்தான், மறுபடி வைத்தான். மீனலோசனி வைத்திலிங்கத்துக்குப் பரிமாறத் தொடங்கினாள். சோறு, கத்தரிக்காய், பயற்றங்காய், பருப்பு. எல்லாம் பசுப்பால் விடாமல் வைத்தவை. நெய்யை மட்டும் அவள் முதல்நாளே அலுமாரிக்குள் ஒளித்துவைத்திருந்தாள். ஆனால் நெய் இல்லாமல் பருப்புத் தின்னத் தெரியாத வைத்திலிங்கம் அதை எடுத்துவந்து தன் சாப்பாட்டுக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்திருந்தார். அவருடைய பருப்புக்கு மேலே ஒரு கரண்டி நெய் விட்டாள். பிறகு, வந்தவனுக்கு வெறும் இலையை வைத்துவிட்டு நிற்க மனம் கேளாமல், தம்பியின் கோப்பையிலும் ஒரு அகப்பை சோறு போட்டாள். பருப்பு விட்டாள். பருப்பு விட்ட கை தன்பாட்டில் நெய்க்கரண்டியை எடுத்தது. உருகிய நெய் சோற்றுக்குள் இறங்கியபிறகுதான் அவளுக்குத் தான் செய்தது தெரிந்தது.

வினோஜா, "அம்மா!" என்றாள்.

கரண்டி மீனலோசனியின் கையில் நின்றுபோயிற்று. ஒரு நாள் முழுதும் தேங்காயும் கஜூவும் அரைத்து, அவன் தப்பியோடக்கூடிய எல்லாப் படலையையும் சாத்திவிட்டு, கடைசிப் படலையைத் தானே திறந்து கொடுத்திருக்கிறாள். இனி அவன் எழுந்தால் யாரும் குற்றம் சொல்ல ஏலாது. 'சொல்லியும் நெய் விட்டவ' எண்டு அவனே வேலணை முழுக்கச் சொல்லுவான். கலியாணப் பந்தலில் அந்த வெற்றிடம் அவளுக்குக் கண்முன்னே தெரிந்தது. "பொறு, வேற கோப்பை தாறன்," என்று சொல்ல வாயெடுத்தாள்.

குலசிங்கம் சோற்றைப் பார்த்தான். நெய்யின் மணம் மேலே வந்தது. அவனுடைய தொண்டை ஒருதரம் ஏறி இறங்கியது.

அவன் முள்ளுக்கரண்டியைத் தள்ளிவைத்தான். எழுந்துபோய்க் கையைக் கழுவிக்கொண்டு வந்து இருந்தான். பருப்பையும் சோற்றையும் குழைத்து வாயில் வைத்தான். இரண்டாம் வாய். மூன்றாம் வாய். நிமிரவே இல்லை.

கோப்பை வெறுமையானபோது, "மோர்மிளகாய் பொரிக்கேல்லையோ?" என்று கேட்டான்.

மீனலோசனி அப்படியே கதிரையில் இருந்துவிட்டாள்.

"உது தயிரில ஊறினதெல்லே. நீ வீகனெல்லே."

"வீகன் நானில்லையக்கா. கம்சிகா. என்ர மூத்தவள். வீட்டில அவள் வைக்கிற சட்டம் அது."

"அப்ப றஞ்சனி வீட்டில?"

"றஞ்சனியிட்டை நான் வீகன் எண்டு சொல்லிப்போட்டன். சொன்னதுக்காகத் தின்னவேண்டி வந்திட்டுது." அவன் குரல் இறங்கியது. "ஒரு கிழமை. வல்லாரை, பொன்னாங்காணி, முருங்கை. அவள் இறால் பொரிக்கப் பொரிக்க நான் பக்கத்தில இருந்து வல்லாரை தின்னுறன்."

வைத்திலிங்கத்துக்குப் புரைக்கேறியது. வினோஜா எழுந்து குசினிக்குள் ஓடினாள். உள்ளேயிருந்து அவள் சிரிப்பு கேட்டது. மீனலோசனி சிரிக்கவில்லை. என்ன மாதிரியான மனிதன் இவன். ஒரு பொய் சொன்னான், அதையும் ஒழுங்காக வைத்திருக்க வலுவில்லை, ஒரு கரண்டி நெய்யில் வழுக்கி விழுந்துவிட்டான். இவனுக்காகவா பன்னிரண்டு வருஷம் படலையைப் பார்த்தாள்?

கண்ணாடிக் கோப்பையைத் தூக்கி இலைகளுக்கு மேலே முழுதாகக் கவிழ்த்தாள்.

"இதையும் தின்."

"அக்கா, இந்தச் சனியனை ரொறன்ரோவில நாளும் பொழுதும் தின்னுறன். இஞ்சையுமோ?"

"தேங்காய்ப்பால் திரைஞ்சு, கிணத்துத் தண்ணி உப்புக்கரிச்சு, மூண்டாம் தரம் அரைச்சது. தின்னாமல் எழும்பிப்பார்."

அவன் தின்றான். முதல் வாய்க்கு முகத்தைச் சுளித்தான். இரண்டாம் வாயில் சுளிக்க மறந்துபோனான். பிறகு அவளுடைய செம்பை எடுத்து அண்ணாந்து தண்ணீர் குடித்தான். அவனுடைய போத்தல் கால்மாட்டில் நிலத்தில் கிடந்தது.

மறுபடி மின்விசிறிதான் சுற்றியது. இந்த முறை வைத்திலிங்கம் மழையைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

"முகூர்த்தம் எத்தனை மணிக்கு?" என்று குலசிங்கம் கோப்பையைப் பார்த்தபடி கேட்டான்.

"காலமை. நேரத்தை அறிஞ்சு என்ன செய்யப்போறாய், நீ பிந்தித்தானே வருவாய். முதல்நாளே வந்து இஞ்சை படு."

"விமானம் பிந்தினதுக்கு நான் என்னக்கா செய்யிறது?"

"நான் மட்டும் என்ன செய்யிறது?" என்றாள் அவள்.

அவன் எழுந்து கையைக் கழுவினான். படலை வரைக்கும் போய், திரும்பிவந்து, மறந்துபோன போத்தலை எடுத்துக்கொண்டு போனான். மீனலோசனி அவன் தின்ற பீங்கானைக் குசினிக்குக் கொண்டுபோனாள். அடியில் கொஞ்சம் வெள்ளைச் சோஸ் ஒட்டிக் கிடந்தது. யாரும் பார்க்கவில்லை என்று உறுதிசெய்துகொண்டு விரலால் வழித்து நாக்கில் வைத்தாள்.

புளி கொஞ்சம் தூக்கல் என்று அவளுக்கு இப்போதுதான் பட்டது. குற்றம் அகப்பட்டதில் மனம் சற்று ஆறியது.